எலி புகாத ஷெட்

கார் ஷெட் வாசலில் குப்புறப் படுத்து, கதவுக்கு அடியில் பென்சிலை விட்டுப் பார்க்கிறார் மேனேஜர். "பென்சில் நுழைஞ்சா சுண்டெலி நுழையும்" என்பது அவர் சித்தாந்தம். பென்சில் நுழைந்த இடத்திலெல்லாம் கம்பி வலை, அதன்மேல் சிமென்ட். பின்பக்கப் புதரில் குடியிருக்கும் எலிகளோடு ஒரு பெரிய மனிதர் நடத்தும் போர் இது.

கிடங்கு மேனேஜராக இருந்து ஓய்வு பெற்றவர். மூட்டை குறைந்தால் வாசல் காவலாளியின் சட்டையைப் பிடிப்பாரே தவிர, உள்ளே போய்ப் பார்த்த பழக்கம் கிடையாது.

ஷெட்டுக்குள் உறை போர்த்திய கார். மழை என்றால் சேறு, வெயில் என்றால் பெயின்ட் வெளுக்கும், இரண்டும் இல்லையென்றால் தூசி. ஆகவே அது வெளியே வராது. மனைவி முழங்கால் வலியோடு பஸ்ஸுக்கு நடப்பார். பூனை வளர்க்கலாம் என்று அவர் சொன்னபோது, "பானெட்ல ஏறி உக்காரும். நகம் பட்டா என்னாகும் தெரியுமா?" என்று மேனேஜர் வாயை அடைத்தார்.

ஷெட்டுக்குள் வைத்த எலிப்பொறியில் தினமும் பிஸ்கட் வைப்பார். காலையில் பிஸ்கட் இருக்காது. பொறி திறந்தே கிடக்கும்.

"தின்னுட்டு பயந்து ஓடிடுது."

"எங்கங்க ஓடுது? எல்லா ஓட்டையையும் நீங்கதான் அடைச்சாச்சே."

"உனக்கு இதெல்லாம் புரியாது."

மனைவி காரைக் கேட்டது ஒரே ஒரு நாளுக்கு. அக்காவுக்கு ஆபரேஷன். "மயக்க ஊசி போடறதுக்கு முன்னாடி உன் முகத்தப் பாத்துடணும்டி" என்று போனில் அழுதிருந்தார் அக்கா. மேனேஜரும் பெரிய மனது பண்ணிச் சம்மதித்திருந்தார்.

அன்று காலை சாவியைத் திருகினார். கார் முனகக்கூட இல்லை.

தெருமுனை மெக்கானிக் வந்து பானெட்டைத் தூக்கினார். கார் உறையைக் கடித்து எடுத்த பஞ்சில் மெத்தை போட்டு, எஞ்சின்மேல் ஒரு சுண்டெலிக் குடும்பமே குட்டிகளோடு படுத்திருந்தது. ஒயர்கள் பாதிக்குமேல் காணோம்.

"இதுங்களுக்கு யாரு சார் பிஸ்கட் போட்டு வளத்தது?"

"வெளியிலேருந்து ஒண்ணுகூட வந்திருக்க முடியாது" என்றார் மேனேஜர், விறைப்பாக.

"வரல சார். உள்ளயே இருந்திருக்கு. நீங்க வச்சுப் பூட்டிட்டீங்க. ரெடியாக சாயங்காலம் ஆகும்."

மனைவி மெக்கானிக் பக்கம் திரும்பினார். "தம்பி, அதுக்குள்ள அக்காவ உள்ள கொண்டு போயிடுவாங்க. உங்க பைக்ல என்னைக் கொண்டு விட்டுடறீங்களா?"

"ஏறுங்கம்மா. மெதுவா."

முழங்காலைக் கையால் தூக்கி வைத்து, பல்லைக் கடித்துக்கொண்டு ஏறினார். பைக் கிளம்பியது.

மேனேஜர் திரும்பிப் பார்க்கவில்லை. பானெட் விளிம்பில் மெக்கானிக்கின் ஐந்து விரலும் கருப்பாகப் பதிந்திருந்தன. குனிந்து, வாயால் ஊதி ஊதி, வேட்டி நுனியால் ஒவ்வொரு விரலாகத் துடைத்துக்கொண்டிருந்தார்.