சாயங்காலம் நிமிரும் செடி

தக்காளி நாற்றுக்கு ஒட்டுக் கட்டுவதில் அவளை மிஞ்ச அந்தப் பசுமைக்குடிலில் ஆள் கிடையாது. அதனாலேயே எல்லோருக்கும் அவள் ஒட்டுக்காரி. வேர் கெட்டியான நாற்று ஒன்று, நன்றாகக் காய்க்கிற நாற்று ஒன்று. இரண்டையும் பிளேடால் சாய்வாக வெட்டி, வெட்டோடு வெட்டு பொருத்தி, குட்டிக் கிளிப் மாட்ட வேண்டும். தண்டு தீக்குச்சி கனம்தான், மயிரிழை பிசகினால் போச்சு. மணிக்கு நூற்றைம்பது கட்டுவாள், வாயும் சும்மா இருக்காது.

இவ்வளவு பாடும் ஒரு பூஞ்சணத்துக்குப் பயந்துதான். ஃபியூசேரியம் என்று பெயர். மண்ணிலிருந்து வேர் வழியாக ஏறி, தண்டுக்குள் தண்ணீர் போகிற பாதையை அடைத்துவிடும். செடி மத்தியானம் துவண்டு தொங்கும். சாயங்காலம் ஒன்றுமே நடக்காதது போல நிமிர்ந்து நிற்கும். புதிதாக வேலைக்கு வருகிறவர்கள் அத்தனை பேரும் ஏமாறுவது இங்கேதான். ஐயோ, தாகம் போல என்று தண்ணீர் ஊற்றுவார்கள். ஒட்டுக்காரி பாய்ந்து வருவாள்.

“நடிக்குதுப்பா அது! தண்டக் கீறிப் பாரு. உள்ள பழுப்பா இருந்தா பிடுங்கி எறி. பாவம் பார்த்தா வரிசையே போயிடும்.”

ஆள் குறைந்த ஒரு நாளில் அவளே வாடிய வரிசையைப் பிடுங்கப் போனாள். காய்ந்த தண்டு ஒன்று விடுபட்டுச் சுளீரென்று வலது கண்ணில் அடித்தது. மண் கையாலேயே கசக்கிக்கொண்டாள். ஊருக்கெல்லாம் உபதேசம் செய்கிற மகராசிக்குத் தன் விஷயத்தில் புத்தி அவ்வளவுதான்.

வீட்டில் அவளும் தங்கையும் மட்டும். அம்மா போன பிறகு தங்கையை ஆளாக்கியது இவள்தான். தங்கை மருந்துக் கடையில் பில் போடுகிறாள். ஆறு வருஷத்தில் பாதி டாக்டர் ஆகிவிட்டதாக அவளுக்கே ஒரு நினைப்பு. அக்காவின் கண் சிவந்ததைப் பார்த்துப் பதறிப்போய், சொட்டு மருந்து ஒன்றுக்கு இரண்டாக வாங்கி வந்தாள். தானே மடியில் படுக்கவைத்து ஊற்றினாள்.

நாலே நாளில் சிவப்பு போய்விட்டது. “பார்த்தியா? டாக்டர்கிட்ட போயிருந்தா தண்டச் செலவு” என்று தங்கை சிரித்தாள். அக்காவும் சிரித்தாள். சாயங்காலம் நிமிர்கிற செடியை வாழ்நாளெல்லாம் பார்த்தவள், இதை நம்பிவிட்டாள்.

பத்தாம் நாள் கருவிழியில் வெள்ளையாக ஒரு புள்ளி. வலி மண்டையைப் பிளந்தது. கண் ஆஸ்பத்திரியில் புண்ணைச் சுரண்டி எடுத்துச் சோதித்தார்கள். டாக்டரம்மா சீட்டில் எழுதிய பெயரை அவள் இடது கண்ணால் எழுத்துக் கூட்டிப் படித்தாள்.

“டாக்டர், இது தக்காளிக்கு வர்றதாச்சே?”

“மனுஷங்க கண்ணுக்கும் வரும்மா” என்ற டாக்டரம்மா, அவள் பையிலிருந்த மருந்துப் புட்டியை வாங்கிப் பார்த்தார். முகம் மாறிவிட்டது. “இது ஸ்டீராய்டு. சிவப்ப அடக்கிடும், உள்ள பூஞ்சணத்த நல்லா வளர விட்டுடும். இதப் போடாம அன்னைக்கே வந்திருந்தா கண்ணுக்கு இவ்வளவு ஆபத்து வந்திருக்காதே! யாரும்மா குடுத்தது?”

தங்கை அப்போது வெளியே பணம் கட்டுகிற வரிசையில் நின்றிருந்தாள்.

“நானாத்தான் வாங்கினேன்” என்றாள் ஒட்டுக்காரி. புட்டியைத் திரும்ப வாங்கிக் குப்பைக்கூடையில் போட்டாள்.

மூன்று வாரம் மணிக்கொரு தரம் வேறு மருந்து விட்டார்கள். கேட்கவில்லை. கண்ணை எடுத்தே ஆகவேண்டும், இல்லாவிட்டால் பூஞ்சணம் மேலே ஏறும் என்று டாக்டரம்மா தயங்கித் தயங்கிச் சொன்னார். “பிடுங்கிடுங்க டாக்டர்” என்றாள் இவள். தங்கைதான் கதறினாள்.

வேலைக்குத் திரும்பியபோது ஒற்றைக் கண்ணுக்கு எது கிட்டே, எது தள்ளி என்று பிடிபடவில்லை. பிளேடு விரலை வெட்டியது, தண்டும் தண்டும் சேரவில்லை. மேற்பார்வையாளர் அவளை நாற்றுத் தட்டு கழுவ அனுப்பினார். அங்கே அவள் வாய் திறப்பதில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மாடிவீட்டுக்காரர் கண்ணைக் கசக்கிக்கொண்டே இறங்கி வந்தார். தோட்டத்தில் குச்சி குத்திவிட்டதாம்.

“இருங்கண்ணா, மருந்து இருக்கு!” தங்கை அலமாரியிலிருந்து இரண்டாவது புட்டியை எடுத்தாள். “அக்காவுக்கு நாலே நாள்ல கேட்டுது. இவதான் பாதியில நிறுத்திட்டா. விடாமப் போட்டிருந்தா கண்ணு போயிருக்காது.”

இதை அவள் ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிவது அக்காவுக்குத் தெரியும். கேட்கும்போதெல்லாம் நெஞ்சு எரியும், ஆமாம் என்று தலையாட்டுவாள். இனிமேல் ஆட்ட முடியாது. மாடிவீட்டுக்காரர் அண்ணாந்து கண்ணைத் திறந்து காத்திருந்தார்.

“அதக் கீழ கொட்டுடி” என்றாள்.

“ஏன்க்கா?”

“என் கண்ணு போனது அதனாலதான். டாக்டர் அன்னைக்கே சொல்லிட்டாங்க. அண்ணா, நீங்க இப்பவே ஆஸ்பத்திரிக்குப் போங்க.”

மாடிவீட்டுக்காரர் போய்விட்டார். தங்கை அழவில்லை. புட்டியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள், பிறகு கழுவுதொட்டியில் கவிழ்த்துப் பிடித்தாள். கடைசிச் சொட்டு விழுந்த பிறகும் நெடுநேரம் அப்படியே பிடித்திருந்தாள்.

இப்போதும் இரண்டு பேரும் அதே வீட்டில்தான் இருக்கிறார்கள். தங்கை சோறு போடுகிறாள், துணி மடித்து வைக்கிறாள், கேட்டதற்குப் பதில் சொல்கிறாள். அக்காவின் முகத்தை மட்டும் அவள் அதற்குப் பிறகு ஏறிட்டுப் பார்த்ததில்லை.