வலது கதவின் ஒடுக்கு

வெல்மா கோசிக் மடக்கு நாற்காலியை விரிப்பதற்கு முன், தான் வந்த காரை ஒளித்துவைத்துவிட்டு வருவார். சர்ச்சுக்குப் பின்னால், குப்பைத்தொட்டிகளுக்கு நடுவில். அது ஜப்பான் கார். ஒஹாயோவில், பழைய அமெரிக்கக் கார்கள் வரிசைகட்டி நிற்கும் சனிக்கிழமைக் கண்காட்சிக்கு அதில் வந்து இறங்குவது, சைவ விருந்துக்கு மீன்கூடையோடு போவது மாதிரி.

அறுபது தாண்டிவிட்டது; முட்டிவலி. கார்களுக்கு உருவப்படம் வரைவது தொழில். மனிதர்களை வரைவதில்லை. “மனுஷன் மூக்கைச் சின்னதாக்குன்னு கேப்பான். கார் வாயைத் திறக்காது” என்பார். கார் திறக்காது, வாஸ்தவம். சொந்தக்காரர் திறப்பார். துருவை எடு, சக்கரத்தை மாற்று, பின்னால் தெரிகிற கழிப்பறைக் கூண்டை மறை. எந்தக் காரானாலும் பம்பரின் பளபளப்பில் வெல்மா பாலைவனமும் நீலவானமும்தான் வரைவார். சுற்றிலும் மக்காச்சோளக் காடுதானே என்று இதுவரை ஒருவரும் கேட்டதில்லை.

அன்று ட்வேன் ஹாட்சின் முறை. ஐம்பத்தொன்பதாம் வருடத்துக் காடிலாக். பின்னால் இரண்டு துடுப்புகள். ஓய்வுபெற்ற சுறாமீன் போல நின்றது. ட்வேனுக்குக் கண் மங்கிவிட்டது, இனி ஓட்டக் கூடாதென்று டாக்டர் சொல்லிவிட்டார். திங்கட்கிழமை டெக்ஸஸ்காரர் ஒருவர் வந்து வண்டியை எடுத்துப்போகிறார். வீட்டில் மிஞ்சப்போவது படம் மட்டும்தான்.

சண்டை, வலது கதவில் இருந்த ஒடுக்கைப் பற்றி.

“அதை அப்படியே போடு வெல்மா” என்றார் ட்வேன். “வாங்கின மறு வாரமே தபால் பெட்டியில கொண்டுபோய்ச் சாத்தினா என் மகராசி.”

“ஆரம்பிச்சாச்சு” என்றார் அவர் மனைவி லொரெட்டா. “வீட்டுக்கு எவன் வந்தாலும் காப்பி குடுக்கறதுக்கு முந்தி ஒடுக்கைக் காட்டியாகணும். கார் போனா இந்தப் பேச்சும் போகும்னு இருந்தேன். இனிமே சுவத்துல வேற தொங்கணுமா? எடுத்துரு வெல்மா.”

“எனக்குக் கண்ணுதான் போச்சு. தடவிப் பாத்தா தெரியாதா?”

“படத்துல எதைத் தடவுவ?”

வெல்மா ஒடுக்கு இல்லாமலே வரைந்து முடித்தார். யார் பக்கம் நியாயம் என்றெல்லாம் யோசிக்கவில்லை. வழவழவென்ற கதவுக்கு வேலை குறைவு, முட்டி வேறு கெஞ்சியது.

ட்வேன் மூக்கு முட்டக் குனிந்து, படத்தை இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை பார்த்தார். நிமிர்ந்தார்.

“என்ன, சத்தத்தையே காணோம்?” என்றார் லொரெட்டா.

“நல்லாருக்கு. யாரோட கார்?”

லொரெட்டா கைப்பை வாரை முறுக்கினார், அவிழ்த்தார், மறுபடி முறுக்கினார்.

“வேணும்னா சின்னதா ஒண்ணு போட்டுரு வெல்மா.”

“சின்னதா? சாப்பாட்டுத் தட்டு அகலம்” என்றார் ட்வேன்.

“சாஸர் அகலம்.”

வெல்மா இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். தூரிகையைச் சாம்பல் நிறத்தில் தோய்த்தார். திருப்பி, காம்புப் பக்கத்தை லொரெட்டாவிடம் நீட்டினார்.