கிரான் நிருபர்

கம்யூனிகேஷன் கடையின் கண்ணாடிக் கூண்டுக்குள் வியர்வையும் முகப்பவுடரும் கலந்த ஒரு மணம் இருக்கும். அதற்குள் நின்றுதான் அப்பா போனில் செய்தி வாசிப்பார்...

கொழும்பில் பத்திரிகைக்காரர்கள் கேட்டு எழுதவேண்டும். லைன் சரியிருக்காது. அப்பா கத்துவார். வெளிநாட்டு கோல் எடுக்க வரிசையில் நிற்பவர்களுக்கெல்லாம் நாளைய பேப்பர் இன்றைக்கே கிடைத்துவிடும்.

அப்பாவுக்கு வயல்தான் தொழில். செய்தி, ஆசைக்கு. பெயர் போடமாட்டார்கள். 'கிரான் நிருபர்' என்று ஊர்ப் பெயரில்தான் வரும். பாதுகாப்புக்காம்!

"கிரானில இருக்கிறதே ஒரு நிருபர்தானேப்பா..."

"நீ ஒருத்தருக்கும் சொல்லிராத மகள்" என்று சிரிப்பார்.

ஒருநாள் ஆற்று மண்ணைக் களவாக ஏற்றும் லொறிகளைப் பற்றி வாசித்தார். கடைக்கார மாமா கூண்டைத் தட்டினார்.

"அண்ணன், மண்ண விட்டுட்டு கோயில் கொடியேத்தத்த வாசிங்களன். எனக்கும் பிள்ளகுட்டி இருக்கு."

அப்பா முழுவதையும் வாசித்துவிட்டுத்தான் வெளியே வந்தார்.

செய்தி வந்த அன்று, மோட்டார் சைக்கிளில் இரண்டு பேர் வீட்டுக்கு வந்தார்கள். அம்மா வாசலை மறித்துக்கொண்டு நின்றா.

"நிருபர் நிக்கிறாரா?"

"நிருபரா? ஆர் அது? இவர் வட்டைக்குப் போய் வயல் பாக்கிற மனிசன்."

"அப்ப வட்டையோட மட்டும் நிக்கச் சொல்லுங்க அக்கா."

சிரித்துக்கொண்டே போனார்கள். அவ்வளவுதான்.

அதற்குப் பிறகு கோயில் செய்தி, பாடசாலை விளையாட்டுப் போட்டி... அதுவும் குறைந்து, நின்றே போனது. சாகும்வரை, பேப்பரில் எங்கள் ஊர்ச் செய்தி வரும் பக்கத்தைப் பார்க்காமலே திருப்பிவிடுவார்.

இப்போது காலம் மாறிவிட்டது என்கிறார்கள். உண்மைதான். யாரும் வீடு தேடி வருவதில்லை. நான் மட்டக்களப்பில் ஒரு இணையத்தளத்துக்கு எழுதுகிறேன், சொந்தப் பெயரில், படத்தோடு. போன வாரம், வாவிக்கரையில் கண்டல் மரங்களை வெட்டி, மண் நிரப்பி, மதில் கட்டுவதைப் பற்றி எழுதினேன். உங்களில் பலர் ஷெயார் பண்ணினீர்கள்...

மறுநாள் ஒரு கோல். மரியாதையான குரல்.

"தங்கச்சி, நல்லா எழுதியிருக்கிறீங்க. மகள் எந்த நேசரிக்குப் போறா?"

நான் வாய் திறக்குமுன் வைத்துவிட்டார்.

பொலிசுக்குப் போனேன். அங்கிருந்தவர் நான் சொன்னதை இரண்டு தரம் கேட்டார்.

"இதில மிரட்டல் எங்க மிஸ் இருக்கு?"

எனக்கும் காட்டத் தெரியவில்லை.

கட்டுரையை நான் தளத்திலிருந்து எடுக்கவில்லை. யாரும் எடுக்கச் சொல்லவும் இல்லை. மகளைத்தான் நேசரிக்கு அனுப்பாமல் வைத்திருக்கிறேன். காலையில் அவளே யூனிபோர்மை முன்பின் மாற்றிப் போட்டுக்கொண்டு, கேற்றடியில் போய் நிற்கிறாள்...