டிரம்முக்குள் தலையணை

இந்த ஆண்டு தை இருபத்தொன்று, மாலை ஆறரை மணி. கண்டனூரில் எங்கள் வீட்டுத் திருமண வரவேற்பில்தான் டிரம்ஸ் வாசிக்க வந்த அவரைச் சந்தித்தேன். நரைத்த முடியைப் பின்னால் முடிந்திருந்தார். டிரம்ஸ் குச்சிகளைத் துண்டால் ஓயாமல் துடைத்துக்கொண்டிருந்தார். சென்னை ஒலிப்பதிவுக் கூடங்களில் டிஸ்கோ, ராக் பாடல்களுக்கு வாசித்தவர் என்றார்கள். எந்தக் கேசட்டிலும் அவர் பெயர் இல்லை.

கூடம் எதிரொலிக்கிறது என்று டிரம்முக்குள் தலையணை திணிக்கச் சொன்னார் என் அப்பச்சி; அப்பாவை நாங்கள் அப்படித்தான் அழைப்போம். இசை மடிக்கணினியிலிருந்து வரும். டிரம்ஸ்காரர் வாசிப்பதுபோல் கையசைத்தால் போதும். தலையணையைக் கொண்டுபோனவள் நான்.

"டிரம்மு படுத்துத் தூங்கணுமாக்கும், ஆச்சி?" என்றார், எங்கள் ஊர்ப் பெண்களை அழைக்கும் முறையில், என் முகத்தைப் பாராமல்.

"வீட்டில் சொன்னதைச் செய்கிறேன்" என்றேன்.

பாதிப் பாட்டில் மடிக்கணினி அணைந்துபோனது. ஆடியவர்கள் திகைத்து நின்றார்கள். அப்பச்சி மேடைக்கு ஓடிவந்தார்.

"அடிங்கய்யா! சபையில மானம் போகுது!"

அவர் குச்சிகளை உறையில் இட்டார். "தலகாணிய நம்பித்தானே கல்யாணம் வச்சீக? அதையே வாசிக்கச் சொல்லுங்க."

அப்பச்சி கெஞ்சியும் அவர் டிரம்ஸைத் தொடவில்லை. எனக்கும் கோபம் வந்தது. அந்த ஒரு பாட்டை வாசித்திருந்தால், கூடமே அவரைக் கேட்டிருக்கும். ஏன் மறுத்தார் என்பது எனக்கு விளங்கவில்லை.

மறுநாள் காலை, அவர் வாசித்ததாகச் சொல்லப்பட்ட பழைய டிஸ்கோ பாட்டொன்றைத் தேடியெடுத்தேன். பாடியவரை விட்டுவிட்டு, டிரம்ஸை மட்டும் கடைசிவரை கேட்டேன்.