தம்பி என்று எழுதிய கடிதம்

தொண்ணூற்றேழு மார்ச். காலை ஏழேமுக்காலுக்கு ஜெனீவாவில் ரயில் ஏறினேன். மனித உரிமைக் கூட்டத்தொடரில் எனக்குப் பேசக் கிடைத்த மூன்று நிமிடம் முதல்நாளே முடிந்துவிட்டது. கொழும்பில் நான் நடத்தும் ஆட்கொணர்வு மனு ஒன்றுக்கு இருந்த ஒரே சாட்சி லா ஷோ-து-ஃபோன் என்ற மலையூரில் இருந்தார். மன்னார்க்காரர், பெயர் மரியதாஸ். அந்த மனு தேடும் இருபது வயது ஜூட்டை இராணுவம் பஸ்ஸிலிருந்து இறக்கிக் கொண்டுபோனபோது பக்கத்து இருக்கையில் இருந்தவர்.

நொஷாத்தெலில் வண்டி மாறவேண்டும். மலையேறும் சிறு ரயில் சாம்பிரேலியன் என்ற இடத்தில் நின்று, வந்த பக்கமே புறப்பட்டது. பதறி எழுந்தேன். எதிரே இருந்த அம்மையார், இங்கே எப்போதும் இப்படித்தான், இருங்கள் என்று கையால் காட்டினார். எங்கள் வழக்குகளும் இப்படித்தான் என்று சொல்ல எனக்குப் பிரெஞ்சு போதாது.

பத்து மணிக்கு இறங்கினேன். ஆயிரம் மீட்டர் உயரம். தெருவோரமெல்லாம் பனி கறுத்துக் கிடந்தது. மணிக்கூட்டுத் தொழிற்சாலையில் ஒருநாள் லீவு எடுத்து மரியதாஸ் வந்திருந்தார். முப்பது வயது இருக்கும். அவருடைய அறையில் நான் வாக்குமூலத்துக்குத் தாளை எடுக்க, அவர் ஒரு கடிதத்தை நீட்டினார். அகதி விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டிருந்தது. கூடப்பிறந்தவர்கள் இரண்டு அக்காமார் மட்டுமே என்று விசாரணையில் சொன்னவர், சகோதரன் கைதானதாகக் கடிதம் தந்திருக்கிறார். ஆகவே நம்பத்தக்கவர் அல்ல.

அவர் விசாரணையில் தந்த அந்தக் கடிதம் நான் எழுதியது. ஜூட்டின் தாயார் முதன்முதலாக என் அலுவலகத்துக்கு வந்து, தாஸ் பார்த்திருக்கவே தாசின் தம்பியைக் கொண்டுபோய்விட்டார்கள் என்று அழுதார். அதை வைத்தே, பிறகு தாசின் அகதி விண்ணப்பத்துக்கென்று அவசரத்தில் ஆங்கிலத்தில் ‘பிரதர்’ என்று எழுதிக் கையெழுத்து வைத்தேன். ஜூட், மரியதாசின் சித்தப்பா மகன். நம்மவர்க்குச் சித்தப்பா மகன் தம்பி இல்லாமல் வேறென்ன? ஆங்கிலத்தில் அது கூடப்பிறந்தவன் என்றாகிவிடும் என்பது இருபது வருட வக்கீலுக்கு உறைக்கவில்லை. வெட்கத்தோடு மன்னிப்புக் கேட்டேன். இவரையும் காலையிலிருந்து தம்பி என்றுதான் கூப்பிட்டுக்கொண்டிருந்தேன். அவர் கோபிக்கவில்லை. கோபித்திருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும்.

மேன்முறையீட்டுக்குப் பத்து நாள் இருந்தது. சத்தியம் செய்து கையெழுத்திடும் ஒரே சத்தியக்கடதாசி இங்கேயும் கொழும்பு நீதிமன்றத்துக்கும் போகவேண்டும். இரண்டு விதமாகச் சொன்னால் இரண்டும் கெடும். ஆங்கிலத்தில் முதல் வரியிலேயே அவர் சொல்வதாக எழுதினேன்: ஜூட் என் உடன்பிறந்த சகோதரன் அல்ல. மற்றதை அவர் நிறுத்தாமல் சொன்னார். பஸ் படியில் ஜூட்டின் செருப்பு ஒன்று கழன்றதாம். எடுத்துக் கொடுக்க எழும்பியவரைச் சிப்பாய் துவக்கால் தள்ளி இருத்திவிட்டான்.

இரண்டு மணிக்கு, கையெழுத்தை உறுதிசெய்யும் நொத்தாரிசு முன் இருந்தோம். மரியதாஸ் பேனையைப் பிடித்தபடி என்னைப் பார்த்தார்.

“சேர், அவன் என்ர தம்பி இல்லை எண்டோ நான் கையெழுத்து வைக்கவேணும்?”

“கூடப்பிறந்தவன் இல்லை எண்டுதான் எழுதியிருக்கு.”

“வாசிக்கிறவைக்கு ரெண்டும் ஒண்டுதானே.”

ஆனாலும் வைத்தார்.

நாலு மணி வண்டிக்கு நிலையம் வரை வந்தார். பனி கொட்டத் தொடங்கியிருந்தது.

“சின்னம்மாவுக்கு இந்தக் கடதாசியை வாசிச்சுக் காட்டாதேங்கோ சேர். அவ தாங்கமாட்டா.”

ஓம் என்றேன்.

கொழும்பில் மனுதாரர், ஜூட்டின் தாயாரான அந்தச் சின்னம்மாதான். வழக்கு நாளில் முன்வாங்கில் இருப்பார். நீதிமன்ற மொழிபெயர்ப்பாளர் என் ஆங்கிலத்தைத் தமிழாக்கி, எல்லோருக்கும் கேட்க வாசிப்பார்: ஜூட் என் தம்பி இல்லை. அது தெரிந்துதான் ஓம் என்றேன்.