அவளுக்கு ஒரு கைதான்

“ஒத்தக் கைய வச்சிக்கினு இவ எவன அடிப்பா?” என்றான் பெரியப்பா மகன். நான் வரைந்த சித்திரக்கதையின் நாயகி, செஞ்சிக் கோட்டைப் படிகளில் நான்கு பேரை உருட்டிவிடும் பக்கம் அது. அவளுக்கும் என்னைப் போலவே இடது முழங்கைக்குக் கீழே ஒன்றுமில்லை.

என் கை பன்னிரண்டு வயதில் கதிரடிக்கும் மிஷினுக்குள் போனது. முதலில் வளையல் உடைந்த சத்தம், பிறகு எலும்பு. களத்து ரத்தத்தை நைனா மண் அள்ளிப் போட்டு மூடினார். நான் பள்ளிக்குத் திரும்பினேன். எங்கள் வீட்டில் முதலில் படித்தவள் நான்தான்.

ஆனாலும் அண்ணன் சொன்னது உறுத்தியது. நான் படித்த சூப்பர்ஹீரோ கதைகளில் கையிழந்தவனுக்கு ஏதாவது சக்தி வந்துவிடும். கையிழந்தவள் கடைசிப் பக்கத்தில் குணமாகிவிடுவாள். நானும் பணிந்தேன். என் கைக்காக அம்மா அமாவாசைதோறும் மேல்மலையனூர் அம்மன் கோயில் உண்டியலில் போடும் தகட்டுக் கையைப் பார்த்து, நாயகிக்கும் ஒன்று மாட்டிவிட்டேன்.

முதல் பக்கங்களைப் பார்த்த பத்திரிகை ஆசிரியர் போனில் துள்ளினார். “அந்தக் கைதாம்மா கதையே! அதுலேர்ந்து மின்னல் வரட்டும். முடிச்சு அனுப்புங்க, போட்டுடலாம்.” அச்சில் வரப்போகும் என் முதல் கதை.

அந்த அமாவாசைக்கு அம்மாவோடு சிறப்புப் பேருந்தில் கம்பியைப் பிடித்து நின்றிருந்தேன். பின்னால் நின்றவன் என் இடுப்பில் கை வைத்தான். நகர்ந்தேன். மறுபடி வைத்தான்.

“இன்னா பண்ணுவ, மொண்டி?”

திரும்பி, இடது முழங்கை முனையால் அவன் மூக்கில் இடித்தேன். அது நொறுங்கியது என் தோள்வரை தெரிந்தது. அவன் என் முடியைப் பிடித்தான். வாயில் இடித்தேன். பல் என் தோலைக் கிழித்தது. கண்டக்டர் விசில் ஊத, முகத்தைப் பொத்திக்கொண்டு குதித்து ஓடினான். அம்மாவின் கூடையிலிருந்த தகட்டுக் கை முழுக்க ரத்தம்.

“ரத்தம் பட்டத எப்பிடிடி ஆத்தாவுக்குப் போடறது?”

“போடாத. இனிமே எனக்குக் கை கேக்காதம்மா.”

“வேற இன்னா கேக்கட்டும்?”

“ஒண்ணும் கேக்காத. ஒருத்தன் மூக்க ஒடைச்சிட்டேன்னு சொல்லிட்டு வா.”

“எம் பொண்ணு ஒடைச்சிட்டாள்னு சொல்றேன்” என்றாள் அம்மா, முந்தானையால் என் முழங்கையைக் கட்டியபடி.

வீட்டுக்கு வந்து ஒவ்வொரு பக்கத்திலும் அந்தத் தகட்டுக் கையை வெள்ளை மையால் அழித்தேன். கடைசிக் கட்டத்தில் நாயகியின் வெறும் முழங்கை வில்லனின் பற்களில் இறங்குகிறது. ஆசிரியரிடம் சொன்னேன். “கை இல்லன்னா போடறது கஷ்டம்மா, யோசிங்க” என்றார்.

யோசிக்க எதுவும் இல்லை. நேற்றுக் காலை செஞ்சி தபால் நிலையத்தில், அத்தனை பக்கங்களையும் அவர் பெயருக்கே பதிவுத் தபாலில் சேர்த்துவிட்டேன்.