அண்ணனுக்கு வெட்டின குழி

சார், பேய் பிசாசுக் கதையெல்லாம் எனக்கு ஆகாது, அத மொதல்லயே சொல்லிப்புடுறேன். நீங்க வந்தது எங்க தோட்டத்துப் பேச்சுல இருக்கிற சொல்லுங்களுக்கு அர்த்தம் எழுதிக்க. 'கனத்த'ன்னா என்னன்னு கேட்டீங்க, பொணம் பொதைக்கிற எடம்னு ஒரு வார்த்தையில சொல்லி அனுப்பியிருக்கலாம். ஆனா அந்தச் சொல்ல யாராச்சும் வாயெடுத்தா எனக்கு ஒரு நாளுதான் ஞாபகத்துக்கு வரும். நம்புனா நம்புங்க, இல்லாட்டி நோட்டுல எழுதாம விட்டுருங்க, நான் கோவிச்சுக்க மாட்டேன்.

கனத்தங்கிறது சிங்களச் சொல்லு, அது ஒங்களுக்கே தெரியும். கஹவத்தை பஸ்ஸுல நின்னுக்கிட்டு 'சுடுகாட்டுக்கிட்ட எறங்கணும்'னு சொல்லிப் பாருங்க, பக்கத்து சீட்டுல இருக்கிற நம்ம பொம்பளைங்க மூஞ்சியச் சுளிப்பாங்க. 'கனத்தகிட்ட நிப்பாட்டுங்க'ன்னா ஒருத்தரும் திரும்பிப் பார்க்க மாட்டாங்க. நம்ம சொல்லுல சாவு இருக்கு, அவங்க சொல்லு நமக்கு வெறும் எடம்தான், அதுனாலதான் அத எடுத்துக்கிட்டோம்னு நெனைக்கிறேன். இன்னொண்ணு, சுடுகாடுன்னா சுடணும்ல, எங்க தோட்டத்துல யாரையும் சுடுறதில்ல, பொதைக்கிறதுதான். லயத்துல, அதான் நாங்க குடியிருக்கிற வரிசை வீடுங்கள்ல, அம்மாமாரு புள்ளைங்கள 'கனத்தைக்குப் போறவனே'ன்னு திட்டுவாங்க, அது செல்லத் திட்டு. அதையே தமிழ்ல சொல்லியிருந்தா அன்னைக்குப் பூரா வீட்டுல சண்டதான்.

டவுனுல இருக்கிறதும் கனத்ததான், அது சுவரு கட்டி கேட்டுப் போட்டது. எங்களுது ரப்பர் மலைக்கு மேல, சுவரும் கெடையாது கேட்டும் கெடையாது. கல்லு வைக்க வசதியில்ல, தலைமாட்டுல ஒரு குரோட்டன் கொப்ப நட்டு விடுவோம், அதுதான் அடையாளம். ஓடைக்கு அந்தப் பக்கம் சிங்களக் கிராமம், அங்க கித்துல் மரத்துல கள்ளுக்குப் பாளை சீவுற பியதாச அய்யான்னு ஒருத்தரு. அவரு ஒருக்கா சொன்னாரு, அந்தக் காலத்துல கனத்தன்னா பொணம் பொதைக்கிற எடமே இல்ல, காட்ட வெட்டி வெள்ளாம பண்ணிட்டு அப்படியே விட்டுட்டுப் போன நெலத்துக்குத்தான் அந்தப் பேருன்னு. மனுசன் விட்டுட்டுப் போனதுக்கப்புறம் அது பாட்டுக்கு வளருற எடம். நானும் அப்ப சும்மா கேட்டுக்கிட்டேன்.

அந்தக் கனத்தையில குழி வெட்டுறது நாங்க நாலு பேரு. காலையில ரப்பர் பால் வெட்டு, சாவு விழுந்தா மம்பட்டியத் தூக்கிக்கிட்டு மேல போறது. நாப்பது அம்பது குழி வெட்டியிருப்பேன். அங்கேயே ஒக்காந்து ரொட்டி தின்னுருக்கேன், மத்தியானம் தூங்கியும் இருக்கேன், ஒரு பூச்சி புழு வந்து என்னைய எழுப்பினது கெடையாது. அதுனாலதான் சொல்றேன், பயந்து போய் கண்டதையும் காணாததையும் சொல்ற ஆளு நான் இல்ல.

கம்பனிக்காரங்க தோட்டத்த எடுத்து அஞ்சாறு வருஷம் இருக்கும் அப்ப. எங்க அண்ணே புல்லு வெட்டுற எடத்துல விரியன் கடிச்சிருச்சி. எனக்கு அண்ணே ஒருத்தருதான், அப்பா போனதுக்கப்புறம் என்னைய வளர்த்து ஆளாக்கினதும் அவருதான். லொறியில போட்டு டவுன் ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போனோம். ரெண்டு நாளு ஒண்ணும் சொல்ல முடியாதுன்னாங்க. மூணாம் நாள் காலையில எங்க மச்சான் செல்வம், அண்ணியோட தம்பி, கஞ்சி எடுத்துக்கிட்டுப் பார்க்கப் போனான். அண்ணே படுத்திருந்த கட்டில்ல தலையோட கால் வெள்ளத்துணி போத்தியிருந்திருக்கு. கிட்டப் போயி துணிய வெலக்கிப் பார்க்கல சார் அவன். பொறுப்பானவங்க வாறதுக்கு முந்தி பொணத்து மூஞ்சியத் தெறக்கக் கூடாதுன்னு எங்கள்ல ஒரு பழக்கம். கஞ்சிப் போத்தல அங்கேயே வச்சிட்டு வெளியில ஓடிப்போயி தோட்டத்து ஒப்பீசுக்கு போன் போட்டுட்டான்.

காலையில வேலைக்குப் பேரு குடுக்கிற பெரட்டுக் களத்துலயே சாவுத் தப்பு அடிச்சாங்க. வேல நின்னுருச்சி. அண்ணியும் தோட்டத்துச் சங்கத் தலைவரும் லொறியில ஏறி ஆஸ்பத்திரிக்குக் கெளம்பிட்டாங்க. எங்க முறைப்படி சொந்த ரத்தம் குழி வெட்டக் கூடாது. மத்த மூணு பேரும், "நீ வீட்டுல இரு, நாங்க பார்த்துக்கிறோம்"னாங்க. நான் கேக்கல. நான் அழுவுற ஆளு இல்ல சார், எனக்கு அப்ப கையில ஒரு வேல வேணும்போல இருந்திச்சி, அதோட அண்ணனுக்கு வேற ஒருத்தன் கோணலா வெட்டிருவானோங்கிற கோவமும் இருந்திச்சி. நானே எறங்கி வெட்டினேன்.

பெட்டி வரல, அளவு தெரியாது. அண்ணனும் நானும் ஒரே ஒயரம். அதுனால குழிக்குள்ள நானே படுத்துப் பார்த்தேன். மத்தவங்க கத்துனாங்க, "டேய் எந்திரிடா, என்னடா வேல இது"ன்னு. எந்திரிச்சி கால்மாட்டுல ஒரு சாண் கூட்டி வெட்டினேன். அவ்வளவுதான், எனக்கு அது அப்ப ஒரு அளவு, வேற ஒண்ணும் இல்ல.

மத்தியானம் ரெண்டு மணியிருக்கும், கீழயிருந்து ஒரு பொம்பள கையத் தட்டிக்கிட்டு மேல ஓடி வருது. ஒப்பீசுக்கு தலைவரு போன் பண்ணியிருக்காரு. அண்ணே சாகல. வார்டுல இருந்தவங்க சொன்னாங்களாம், முந்துன நாள் ராத்திரி பக்கத்துக் கட்டில்ல ஒரு வயசான ஆளு, ஜன்னல் காத்துல குளிரு தாங்கலன்னு மொணங்கியிருக்காரு. எங்க அண்ணே அந்த நெலமையிலயும் எந்திரிச்சி, "நீங்க இங்க படுங்கய்யா"ன்னு தன் கட்டில்ல அவரப் படுக்க வச்சிட்டு ஜன்னலோரத்துக் கட்டிலுக்குப் போயிட்டாரு. விடியக்காலையில செத்தது அந்த ஆளு. செல்வம் பார்த்தது அவரத்தான்.

மம்பட்டி அலவாங்கு எல்லாத்தையும் அங்கங்க போட்டுட்டு ஓடுனோம். நான் அன்னைக்குத்தான் மொத தடவையா வாய்விட்டு அழுதேன், அதச் சொல்றதுக்கு எனக்கு வெக்கம் இல்ல.

அதுக்கப்புறம்தான் கோயில் பூசாரி ஞாபகப்படுத்துனாரு. வெட்டின குழியச் சும்மா விடக் கூடாது, சும்மா மூடவும் கூடாது. ஆளுக்குப் பதிலா ஆள் ஒயரத்துக்கு ஒரு வாழமரத்த வெட்டிக் கெடத்தி மூடணும், இல்லாட்டி குழி வேற ஒரு ஆளத் தேடும்னு பேச்சு. எனக்கு அதுல நம்பிக்கை இல்ல, ஆனா அண்ணன் விஷயம், ஏன் வீம்பு பண்ணணும்னு சரின்னுட்டேன். வாழமரம் வெட்டி வச்சாச்சி. அப்பப் புடிச்சது பாருங்க மழை, எதிர் லயம் தெரியல. மூணு மணியில இருந்து அஞ்சு வரைக்கும் ஊத்துச்சி. அந்த ரெண்டு மணி நேரமும் நான் ஒப்பீசு வராந்தாவுலதான் நின்னேன், கணக்கப்புள்ள ஐயாவும் கூட இருந்தாரு. நாலு மணிக்கு அண்ணி போன் பண்ணுச்சி, "கண்ணத் தெறந்து ஒங்களத்தான் கேட்டாரு தம்பி"ன்னுச்சி. நான்தான் போன்ல பேசினேன். அத நல்லா ஞாபகம் வச்சுக்கங்க.

மழை விட்டதும் நாலு பேரும் வாழமரத்தத் தூக்கிக்கிட்டு மேல போனோம். குழி இல்ல சார்.

மூடியிருந்திச்சி. அரைகொறையா சரிஞ்சி விழுந்திருந்தா மழை வேலைன்னு சொல்லிரலாம். அப்படியில்ல, மேடு கட்டி, மம்பட்டி முதுகால தட்டி, தலைமாட்டுப் பக்கம் கொஞ்சம் ஒசத்தி விட்டிருந்திச்சி. அப்படி ஒசத்தி விடுறது என்னோட பழக்கம், மத்த மூணு பேரும் தட்டையாத்தான் விடுவாங்க. ஒரு குரோட்டன் கொப்பு நட்டிருந்திச்சி, அடியில தண்ணி ஊத்துறதுக்குக் குழிச்சி விட்டு. சுத்திவர ஒரு காலடி இல்ல, அத மழை கழுவியிருக்கும்னு வச்சுக்கலாம். என் மம்பட்டியக் காணல. திரும்பி வாற வழியில கீழ பீலியில, நாங்க எப்பவும் காரியம் முடிச்சிட்டுக் கையும் ஆயுதமும் கழுவுற தண்ணிக் குழாயடியில, கழுவித் தொடச்சிச் சாத்தி வச்சிருந்திச்சி. மத்தவங்க ஆயுதமெல்லாம் போட்ட எடத்துலயே சேத்தோட கெடந்திச்சி.

மூணு பேரும் என்னையப் பார்த்தாங்க. நான் கணக்கப்புள்ள ஐயாவக் கேளுங்கன்னேன். கேட்டாங்க, அவரும் சொன்னாரு. யாரோ வெளையாடியிருக்கான்னு எனக்கு அப்ப ஒரே எரிச்சல். ஆனா அந்த மழையில ஒத்த ஆளா அவ்வளவு மண்ணத் தள்ள எவன் வருவான்?

மறுநாள் ஓடைப் பக்கம் பியதாச அய்யா என்னையக் கண்டதும் கிட்ட வந்து என் தலையத் தடவுனாரு. அவருக்கு அண்ணே பொழைச்ச செய்தி இன்னும் போகல. சிங்களத்துலதான் பேசினாரு, 'மல்லி'ன்னா அதுல தம்பி. "மல்லி, மழைக்கு கனத்த ஓரத்துல இருக்கிற என் குடிசையில ஒதுங்கியிருந்தேன், நீ ஒத்தையா மண்ணுத் தள்ளுறதப் பார்த்தேன், மனசு கேக்காம கூப்பிட்டேன், நீ திரும்பிப் பார்க்கல. ஒங்க வழக்கம் அதுதானேன்னு விட்டுட்டேன்"னாரு. நெசந்தான், மண்ணு தள்ளினவன் கனத்தைய விட்டு வாறப்ப திரும்பிப் பார்க்கக் கூடாது, 'போயிட்டு வாறேன்'னும் சொல்லக் கூடாது. எத்தன மணிக்குன்னு கேட்டேன். நாலு, நாலரைன்னாரு. அன்னைக்கு அவரு கள்ளு குடிச்சிருந்தாரான்னு நீங்க கேப்பீங்க, நானும் கேட்டேன். மனுசன் கோவிச்சிக்கிட்டு ரெண்டு மாசம் எங்கூடப் பேசல.

தோண்டிப் பார்த்துருவோம்னு நான் நின்னேன். அண்ணி விடல. "ஒங்க அண்ணே உசுரோட இருக்காரு, மூடினது மூடினதாவே இருக்கட்டும், அதத் தெறந்து வேற எதையும் கூப்புடாதீங்க"ன்னு என் காலுல விழப் போயிருச்சி. சரின்னு நான் விட்டுட்டேன். அண்ணங்கிட்ட ஒருத்தரும் வாய் தெறக்கக் கூடாதுன்னு லயம் பூரா சொல்லி வச்சோம்.

அண்ணே பத்து நாள் கழிச்சி வீட்டுக்கு வந்தாரு, ஒரு காலு மட்டும் கொஞ்சம் இழுத்துக்கிட்டு. அன்னைக்குச் சாயந்திரம் அவராவே அந்தக் கெழவரப் பத்திச் சொன்னாரு. கலவான ஊருப் பக்கத்துத் தோட்டமாம், சொந்த பந்தம் யாரும் இல்லையாம். செத்தா டவுன் கனத்தையில, பேரு தெரியாதவங்களோட கொண்டு போயிப் போட்டுருவாங்களேங்கிறதுதான் அவருக்குக் கவலையாம். கட்டில்ல படுக்க வைக்கிறப்ப எங்க அண்ணே ஆறுதலுக்கு, "அதெல்லாம் நெனைக்காதீங்க, எங்க கனத்தையில நெறைய எடம் இருக்கு, நல்லா வெட்ட என் தம்பி இருக்கான்"னு சொன்னாராம். சொல்லிட்டுச் சிரிச்சாரு. நான் எந்திரிச்சி வெளியில போயிட்டேன்.

கெழவர டவுன் கனத்தையிலதான் பொதைச்சாங்களாம், செல்வம் விசாரிச்சிட்டு வந்து சொன்னான். அப்ப எங்க குழியில ஒண்ணும் இருக்க வழியில்ல, சும்மா மண்ணுதான். அப்படித்தான் நான் எனக்குச் சொல்லிக்கிட்டேன், ரெண்டு வருஷமா.

ஒரு தொழில் விஷயம் சொல்றேன், இத வேணும்னா எழுதிக்கங்க. வெறும் குழிய மண்ணுப் போட்டு மூடினா மழைக்கு ரெண்டு மூணு விரக்கடை அமுங்கும், அதோட நின்னுரும். பெட்டி வச்சி மூடினா அப்படியில்ல, ரெண்டு வருஷத்துல பெட்டி மக்கி ஒடையும், மேல இருக்கிற மண்ணு ஒரே நாள்ல ஒரு சாண் எறங்கும், பெட்டி இருக்கிற அளவுக்கு மட்டும். அத வச்சே எங்க பெட்டி கெடக்குதுன்னு எங்களால சொல்ல முடியும்.

ரெண்டாவது வருஷ மழைக்கு அது எறங்கிருச்சி சார். ஒரு சாண். நான்தான் மொதல்ல பார்த்தேன், வேற ஒரு சாவுக்கு மேல போனப்ப. குரோட்டன் நல்லா வளர்ந்து ஆளு மட்டத்துக்கு நின்னுச்சி. எறங்கின பள்ளத்தோட ஓரமா மம்பட்டிக் காம்பு வச்சி, மிச்சத்த விரலு வச்சி அளந்து பார்த்தேன். அன்னைக்கு மம்பட்டியக் கீழ வச்சவன்தான், அதுக்கப்புறம் தொடல.

நான் அண்ணங்கிட்ட சும்மா கேக்குற மாதிரி கேட்டேன், அந்தக் கெழவரு எப்படி இருப்பாருன்னு. கட்டை மனுசன், எந்திரிச்சி நின்னா ஒன் நெஞ்சு மட்டத்துக்குத்தான் வருவாருன்னாரு.

அண்ணே இப்பவும் நல்லா இருக்காரு, அந்தா வெளியில ஒக்காந்து வெத்தல போடுறாரே, அவருதான். மெதுவாப் பேசுங்க, அவருக்கு இன்னும் தெரியாது. நீங்க கெளம்புறப்ப என்னைய கனத்தைக்குக் கூட்டிப் போகச் சொல்லுவீங்க, வழி சொல்றேன், வரமாட்டேன். குரோட்டன்லயே பெருசு எதுவோ அதுக்குக் கீழ பாருங்க. அந்தப் பள்ளம் என் ஒயரம் சார், ஒரு விரக்கடை கூடவும் இல்ல கொறையவும் இல்ல.